'சிட்டி லைட்ஸ்': சிலையின் மடியில் தூங்கியவர்

சின்ன வயசில் சாப்ளின் என்றால் தடுக்கி விழுவார், நாம் சிரிப்போம், அவ்வளவுதான். 'சிட்டி லைட்ஸ்' (1931) படத்தை நான் முழுசாகப் பார்த்தது, வேலை தேடிப் போன ஊரில் நாலு ராத்திரி பஸ் ஸ்டாண்ட் பெஞ்சில் படுத்து எழுந்த பிறகு. முதல் காட்சியில் நகரத்துப் பெரிய மனிதர்கள் கூடி ஒரு சிலையைத் திறக்கிறார்கள். 'அமைதியும் வளமும்' என்று அதற்குப் பெயர். துணியை விலக்கினால், மடியில் நம்ம ஆள் சுருண்டு தூங்குகிறார். இறங்கு இறங்கு என்று கீழே ஒரே கூச்சல். இறங்கப் பார்த்தால் சிலையின் வாள் கால்சட்டையில் மாட்டிக்கொள்கிறது. அந்த நேரம் பார்த்து தேசிய கீதம் வேறு! தொங்கிக்கொண்டே விறைப்பாக நிற்கப் பார்ப்பார். என்னை எழுப்பியது லத்தி. பெஞ்சைத்தான் தட்டினார்கள், என்னை அல்ல. ஆனாலும் எழுந்தவுடன் நான் சட்டையைத்தான் நீவிவிட்டேன். 1896இல், ஏழு வயதில், அம்மா, அண்ணனோடு லண்டன் லாம்பெத் ஏழைகள் விடுதிக்குப் போனவர் சாப்ளின். அவருக்குத் தெரியாததா!

—

'சிட்டி லைட்ஸ்' என்றாலே எனக்கு நினைவில் நிற்பது, அதில் சாப்ளினோடு சிநேகமாகும் பணக்காரர்தான். போதையில் இருந்தால் கட்டிப் பிடிப்பார், காரையே கொடுப்பார். தெளிந்தால் "யார் இவன்?" ராத்திரி மட்டும் 'தம்பி' என்று தோளில் கை போடுகிற முதலாளியிடம் நானும் இருந்திருக்கிறேன். அந்தக் காரில் போகும்போது சாப்ளின் ஒரு காரியம் செய்வார், கவனித்தீர்களா? நடைபாதையில் கிடக்கும் சுருட்டுத் துண்டை எடுக்கக் குனிகிற இன்னொரு ஏழையைத் தள்ளிவிட்டு, தானே எடுத்துக்கொண்டு காரில் ஏறிப் போய்விடுவார். சிரித்துவிட்டு, சிரித்ததற்குக் கூசினேன்.

—

பாட்டிக்குக் கண்புரை ஆபரேஷன் முடிந்த மாதம் சேர்ந்து பார்த்தோம். நடுவில் வரும் எழுத்தையெல்லாம் நான் வாசித்துச் சொன்னேன். கார்க் கதவு சாத்தும் சத்தத்தை வைத்துத்தான் பார்வையில்லாத பூக்காரி அவரைப் பணக்காரர் என்று நினைக்கிறாள். பேசாத படத்தில் அதை எப்படிப் புரியவைப்பது? அந்தச் சந்திப்புக்கு மட்டும் 300க்கும் மேற்பட்ட டேக் எடுத்தாராம் மனிதர்.

அவள் கண் சிகிச்சைக்குப் பணம் கொடுத்துவிட்டு ஜெயிலுக்குப் போகிறார் சாப்ளின். கடைசியில் பார்வை வந்தவள், ஜெயிலிலிருந்து கந்தலோடு வந்தவரை யாரென்று தெரியாமல் பார்த்துச் சிரிக்கிறாள். இரக்கப்பட்டுக் காசு கொடுக்கக் கையைப் பிடிக்கிறாள். பிடித்ததும் தெரிந்துவிடுகிறது. "நீங்களா?" என்று நான் வாசித்தேன்.

"அப்புறம் சேத்துக்கிட்டாளா?" என்றார் பாட்டி.

படம் முடிஞ்சிருச்சு பாட்டி என்றேன். டிவியை அணைக்க விடவில்லை.