டிராகன் பிரேக்: உங்களை விடாமல் உறுத்துகிற ஓர் இடம்

(‘தி எல்டர் ஸ்க்ரோல்ஸ்’ வீடியோ கேம் வரிசையில், காலம் உடைந்து, ஒன்றையொன்று மறுக்கும் நிகழ்வுகள் எல்லாமே உண்மையாகிவிடுவதுதான் டிராகன் பிரேக். அதில் உங்களை உறுத்தும் இடம் எது?)

பித்தளைக்கால்:

நூமிடியம்னா ராட்சதப் பித்தளை இயந்திரம், மன்டெல்லான்னா அதுக்கு உயிரூட்டுற கல்லு; அதுக்கு மேல முதல்லேர்ந்து சொல்லப் போறதில்ல. டேகர்ஃபால் கேம், 1996, கடைசிக் கட்டம். நூமிடியத்தை ஆட்டிவைக்கிற டோட்டம் கைக்கு வந்தாச்சு. அதை ஏழு தரப்பு கேக்குது: நாடாள்ற கோத்ரிட், அகோரிதி, எட்வயர், கோர்ட்வாக், பிண மந்திரவாதி மன்னிமார்கோ, சாகாத மந்திரவாதி அண்டர்கிங், அப்புறம் பேரரசரோட உளவுப்படை பிளேட்ஸ். ஒருத்தர்கிட்ட நீட்டின அடுத்த நொடி மத்த ஆறு கதவும் சாத்திடும்.

உறுத்துறது இதுதான். பழைய டாஸ் பதிப்புல சேவ் பண்ண இடம் ஆறே ஆறு. கையேந்தி நிக்கிறது ஏழு பேர். ஏழு முடிவையும் பக்கம் பக்கமா வெச்சிருக்கணும்னா கேமை மூடிட்டு வெளிய வந்து, சேவ்0-லேர்ந்து சேவ்5 வரைக்கும் இருக்கிற ஃபோல்டர்கள்ல ஒண்ணை வேற இடத்துக்குக் காப்பி எடுக்கணும். டோட்டத்தை நீட்டுறதுக்கு முன்னாடி போட்ட சேவா இருக்கணும், அது முக்கியம். மன்டெல்லா இருக்கிற இடத்துக்குள்ள போய் அதே சேவ் மேல இன்னொண்ணைப் போட்டா போச்சு, திரும்பி வந்து ஆளை மாத்த வழி கிடையாது. ரசிகர்கள் மறுபடி உருவாக்கின யூனிட்டி பதிப்புல இந்தத் தொல்லை இல்ல.

2002-ல இதே வரிசையில மாரோவிண்ட் வந்தப்போ, எந்த முடிவு நிஜம்னு கேட்டவங்களுக்குக் கிடைச்ச பதில்: எல்லாமே. கதைக் கணக்குல மூணாம் யுகம் 417. ஃப்ராஸ்ட்ஃபால் மாசம் 9-ஆம் தேதிக்கும் 11-ஆம் தேதிக்கும் நடுவுல என்னமோ ஆகுது, 44 குட்டி நாடு இருந்த இடத்துல 4 மட்டும் மிஞ்சுது. நாம ஃபோல்டரைக் காப்பி எடுத்த மாதிரியேதான் காலத்தோட டிராகன் தெய்வம் அகாடோஷும் எடுத்திருக்கார். ஒட்டுறப்போ மட்டும் ஏழையும் ஒரே இடத்துல ஒட்டிட்டார்.

எட்டாம்நாள்:

எனக்கு உறுத்தல் இதே வரிசையின் ஆப்லிவியன் கேமில். அந்த ஏழு முடிவுகளில் ஒன்றில் மன்னிமார்கோ தெய்வமாகிறான். எல்லாம் நடந்தது என்றால் அதுவும் நடந்தது. அவன்தான் வானத்தில் ‘நெக்ரோமான்சர் நிலவு’. சரி. பிறகு எக்கோ கேவ் என்ற குகைக்குள் அங்கி போட்டு நின்று நம்மிடம் அடி வாங்கிச் சாகிறவன் யார்? அவனும் மன்னிமார்கோதான்.

டார்க் ஃபிஷர் என்ற இடத்தில் பலிபீடம் இருக்கிறது. எட்டு நாளைக்கு ஒருமுறை அந்த நிலவிலிருந்து அதன்மேல் ஒளி விழும். பீடத்துக்குள் ஆவியை அடைக்கும் கல்லான கிராண்ட் சோல் ஜெம் ஒன்றைக் காலியாகப் போட்டுவிட்டு, ஒளி இருக்கும்போதே பீடத்தைப் பார்த்து, ஆவியைப் பிடிக்கும் சோல் டிராப் மந்திரத்தை எறிந்தால் ஜெம் கறுத்துவிடும். பெரும்பாலானோர் கோட்டை விடுவது இரண்டு இடத்தில்: ஏற்கெனவே ஆவி அடைத்த ஜெம்மைப் போடுவது, ஒளி விழாத நாளில் மந்திரத்தைச் செலவழிப்பது. ‘வேலை செய்யவில்லை’ என்று புலம்புகிறவர்கள் அங்கேயே பக்கத்தில் காத்திருந்து நாளைக் கழித்தால் போதும்.

கதைநாயகன் எக்கோ கேவில் ஒரு மன்னிமார்கோவை வெட்டிச் சாய்த்துவிட்டு டார்க் ஃபிஷருக்கு வந்தாலும் அந்த ஒளி விழுந்துகொண்டேதான் இருக்கும். கீழே பிணம், மேலே தெய்வம். சண்டை சப்பென்று இருந்தது என்று குறைப்படுகிறவர்கள் ஒருமுறை அந்தப் பீடத்தடியில் நின்று பார்க்கட்டும்.

மூன்றாம்பட்டன்:

ஸ்கைரிம் கேமின் நேரப்புண்ணை ஏன் யாருமே சொல்லவில்லை? ‘உலகத்தின் தொண்டை’ என்ற மலையின் உச்சியில் எல்டர் ஸ்க்ரோல் என்ற மந்திரச் சுருளை விரித்ததும் காற்று கிழிந்து, மூன்று பேர் உலகத்தை விழுங்க வரும் டிராகன் ஆல்டுவினைக் காலத்துக்குள் தூக்கி எறிகிற காட்சி தெரியும். அது முடிந்து கண் திறந்தால் அதே ஆல்டுவின் தலைக்கு மேலே. யுகங்களுக்கு முன்னால் எறிந்த கல் இப்போதுதான் வந்து விழுகிறது. எனக்கு அந்த ஒரு நொடி போதும்.

அங்கே போவதற்குள் பலர் ஸ்க்ரோல் இருக்கும் ம்ஸார்க் கோபுரத்தில் மாட்டிக்கொள்வதால் அதையும் சொல்லிவிடுகிறேன். செப்டிமஸ் என்ற அறிஞர் கொடுக்கும் உருண்டை, வெற்று லெக்சிகன் என்ற பதிவுப் பெட்டி இரண்டும் கையில் இல்லாமல் ஆல்ஃப்டாண்ட் இடிபாட்டுக்குள் இறங்காதீர்கள். உருண்டை இல்லாவிட்டால், கோபுரத்துக்குப் போகும் வழியான நிலத்தடிப் பிளாக்ரீச்சின் கதவு திறக்காது. கோபுரத்தின் மேல்தளத்தில் லெக்சிகனைத் தாங்கியில் வையுங்கள். பட்டன்கள் நான்கு. இடமிருந்து மூன்றாவதை 4 முறை அழுத்தினால் இரண்டாவது ஒளிரும். அதை 2 முறை, பிறகு இடது ஓரத்தில் உள்ளதை 1 முறை. வலது ஓரத்துப் பட்டனைத் தொட வேண்டாம், செய்ததையெல்லாம் பின்னோக்கி இழுத்துவிடும். ஸ்க்ரோலை எடுத்த குஷியில் லெக்சிகனைத் தாங்கியிலேயே விட்டுவிட்டு வருபவர்கள்தான் அதிகம். செப்டிமஸ் அதைக் கேட்பார், மறுபடி பிளாக்ரீச்.

உச்சியில் காற்று நெளிகிற இடத்தில் நின்றுதான் ஸ்க்ரோலை விரிக்க வேண்டும். வேறெங்கே விரித்தாலும் கண் மங்குவதோடு சரி. விரிக்கும் முன் ஒரு சேவ். டிராகன்ரெண்ட் என்ற மந்திர முழக்கத்தை எழுப்பி ஆல்டுவினைத் தரையிறக்காதவரை அம்பு, மந்திரம் எதுவும் ஏறாது. வானத்தைப் பார்த்து அம்பைத் தீர்த்துவிட்டு அழாதீர்கள்.

கருக்கல்:

மேலே எழுதினவர் கோபிக்க வேண்டாம். அது புண், முறிவில்லை. ஆல்டுவினை எறிஞ்சது ஒரேயொருக்காத்தான் நடந்தது, அவன் வந்து சேர்ந்ததும் ஒரேயொருக்காத்தான். அதை மறுத்துச் சொல்லுற இன்னொரு வரலாறு கிடையாது. டிராகன் பிரேக் எண்டால் ஒண்டையொண்டு அடிச்சுப் போடுற ரெண்டு சேதியும் சேர்ந்து உண்மையாய் இருக்க வேணும். முதல் பதிவில ஏழு, ரெண்டாவதில ரெண்டு மன்னிமார்கோ. உங்கட கதையில எத்தனை ஆல்டுவின்? பட்டன் கணக்குக்கு நன்றி, ஆனால் அதை ஆர் கேட்டது?

வளர்பிறை:

கருக்கல் சொன்ன அளவுகோலை வைத்தால் எல்லாவற்றுக்கும் மூத்தது மிடில் டான் என்ற முறிவு. மருகாட்டி என்ற மதக் கூட்டம், அகாடோஷிடமிருந்து எல்ஃப் அம்சத்தைப் பிரித்தெடுக்கப் போய் காலத்தையே உடைத்தது. முதலாம் யுகம் 1200-லிருந்து 2208 வரை, 1008 ஆண்டுகள்.

நேரமே உடைந்த பிறகு 1008 என்று எண்ணியது யார்? விளையாட்டுக்குள் இதைப் பற்றிக் கிடைக்கும் ஒரு சின்ன நூலில் ஒவ்வொரு இனமும் ஒவ்வொன்று சொல்கிறது. பூனை இனமான காஜீத் சொல்வதுதான் மனதில் நிற்கிறது: மற்றவர்கள் தங்கள் அப்பனையே பெற்றுக்கொண்டிருந்தபோது, காஜீத்தின் தலைவரான ‘மேன்’ என்பவர் நிலவுகளைப் பார்த்துக் கணக்கு வைத்துக்கொண்டிருந்தாராம். மாறாதது அவை மட்டுமே. அமாவாசை, கிருத்திகை எல்லாம் காலண்டர் தாளைக் கிழிக்காமலே சொல்லிவிடும் பாட்டிமார் உள்ள வீடுகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பேரரசின் வரலாற்றாசிரியர்களுக்கு அது வெட்கம், எல்ஃபுகளுக்கு அவமானம், காஜீத்துக்குப் பெருமை. உடைந்தது ஒரே காலம்தான்.

சிலர் இதைப் பிரளயம் என்று எழுதுகிறார்கள். தவறு. அந்த உலகத்திலேயே ‘கல்பம்’ என்ற சொல் இருக்கிறது, நம் சொல்லேதான். ஆல்டுவின் உலகத்தை விழுங்கினால் ஒரு கல்பம் முடியும். நம் கணக்கில் ஒரு கல்பம் 432 கோடி ஆண்டு, அங்கே அப்படி எண் எதுவும் ஒட்டியிருக்காது. டிராகன் பிரேக் கல்பத்தின் நடுவில் விழும் முடிச்சு. அதில் எதுவும் அழிவதில்லை, எல்லாம் அளவுக்கு மேல் நடந்துவிடுகிறது.

எட்டாம்நாள்:

தலபுராணம் மாதிரி என்று வைத்துக்கொள்ளலாம். ஒரே சம்பவம் தங்கள் ஊரில்தான் நடந்தது என்று மூன்று ஊர் சொல்லும், மூன்றிலும் திருவிழா நடக்கும்.

கருக்கல்:

அங்கை ஆரும் ஒரே தேரில ஏழு சாமியை ஏத்திறதில்லை.

பித்தளைக்கால்:

சண்டைக்கு நடுவுல ஒண்ணு. புதுசா டேகர்ஃபால் ஆரம்பிக்கிறவங்க, லேடி பிரிசியென்னா அனுப்புற கடிதத்தைக் கண்டுக்காம ஊர் சுத்தினா முதன்மைக் கதையே மூடிக்கும். ஏழும் கிடையாது, ஒண்ணும் கிடையாது. கடிதத்துல இருக்கிற சத்திரத்துக்கு முதல்ல போயிடுங்க.