மயிலிட்டியில் அம்மம்மாவின் வளவு: வெறும் பற்றையை எப்படிப் படமாக்குவது?

மயிலிட்டிப் பேத்தி:
அம்மம்மாவையும் யாழ்ப்பாணத்து வடகரையில் மயிலிட்டியில் உள்ள அவருடைய காணியையும் வைத்து ஓர் ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறேன். 1990 ஜூனில் போரால் ஊரை விட்டு வந்தவர். 2017 ஜூலையில், தன் பிடியில் இருந்த துறைமுகத்தோடு 54 ஏக்கரை இராணுவம் விட்டபோது எங்கள் காணியும் அதற்குள் வந்தது. அம்மம்மா கொழும்பில் மாமாவோடு இருந்ததால் போன மாதம்தான் முதன்முறையாகக் கூட்டிப் போனேன்.

வீடு இல்லை. வேலி, ஒழுங்கை ஒன்றும் இல்லை. பற்றைக்குள் அரை மணித்தியாலம் நடந்தார். கிணற்றுக்கட்டைக் கண்ட பிறகுதான் நின்றார். "இது எங்கட கிணறு. அப்ப குசினி இந்தப் பக்கம்" என்று கையை நீட்டினார். கமராவில் பார்த்தால் அந்தக் கைக்கு அங்கால் பற்றைதான் தெரிகிறது. பழைய படம் ஒன்றுகூட இல்லை, அல்பம் எல்லாம் வீட்டோடு போய்விட்டது.

எடிட் செய்யும் நண்பர் ட்ரோன் காட்சி போடச் சொல்கிறார். எனக்கு மனம் ஒப்பவில்லை. மேலேயிருந்து பார்த்தால் எல்லாருடைய காணியும் ஒரே பச்சைதானே? வேறு என்ன செய்யலாம்?

ஒலிப்பதிவுக்காரன்:
ட்ரோனை விடுங்கள் தங்கச்சி. பலாலி விமான நிலையம் பக்கத்திலேயே இருக்கிறது, அனுமதிக்கே அலைய வேண்டிவரும். அம்மம்மாவின் சேலையில் சின்ன மைக் ஒன்றைக் குத்திவிட்டு இன்னொரு தடவை நடக்க விடுங்கள். கேள்வி கேட்க வேண்டாம். காங்கேசன்துறையில் ஓர் ஐயாவை எடுத்தபோது, இல்லாத வாசலுக்குத் தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போனார். அதை இன்றும் மறக்க முடியவில்லை. அப்புறம், வாடைக்காற்று நாளில் அந்தக் கரையில் பேச்சு எடுபடாது. பங்குனி, சித்திரையில் போங்கள்.

பழைய எழுத்தர்:
மகள், காணி உறுதி (பத்திரம்) கையில் இருக்கிறதா? நொத்தாரிசு ஒருவரிடம் இருபது வருஷம் உறுதி எழுதியவன் நான். அதில் காணியின் பெயர் இருக்கும், எத்தனை பரப்பு என்று இருக்கும் (16 பரப்பு ஒரு ஏக்கர்). நாலு எல்லையும் அயல் காணிக்காரரின் பெயரோடு இருக்கும். கிணற்றில் எத்தனை பங்கு, வழிவாய்க்கால் உரிமை எது, எல்லாம் இருக்கும். கிணற்றடியில் நின்று அம்மம்மாவே அதை வாசிக்கட்டும். கிழக்கு என்றால் கமராவைக் கிழக்கே திருப்புங்கள், வடக்கு என்றால் வடக்கே. அங்கே யார் இருந்தார்கள் என்று அவரே சொல்லத் தொடங்குவார். உறுதி தொலைந்திருந்தால் காணிப் பதிவகத்தில் பிரதி எடுக்கலாம். ஒன்று மட்டும்: அயலவரின் பெயரைப் படத்தில் விடுமுன் அவர்களுடைய பிள்ளைகளிடம் கேளுங்கள். சில எல்லைகளுக்கு இன்னும் பிணக்கு இருக்கும்.

மயிலிட்டிப் பேத்தி:
ஐயா, உறுதி இருக்கிறது! இரும்புப் பெட்டியிலிருந்து இன்றைக்குத்தான் எடுத்தோம். மேற்கு எல்லையை வாசித்ததும் அம்மம்மா கண்ணாடியைக் கழற்றிவிட்டார். அந்தப் பெயர் அவரோடு படித்த சிநேகிதியின் தகப்பனாருடையதாம். பங்குனியில் போகிறோம். கிணற்றில் எங்களுக்கு மூன்றில் ஒரு பங்கு. மற்ற இரண்டு பங்குக்காரரையும் அதற்குள் தேடிப் பிடிக்க வேண்டும். ஒரு குடும்பம் மல்லாகத்தில் இருக்கிறது என்கிறார்கள், நாளைக்குப் போய்ப் பார்க்கிறேன்.