மோசமான நாள்ல மனசை எப்படி தேத்திக்கிறீங்க?

கேள்வி: காலைல இருந்தே எதுவும் சரியா அமையல, ஆபிஸ்ல எல்லார் முன்னாடியும் திட்டு வேற, வீட்டுக்கு வந்தும் நெஞ்சு படபடன்னே இருக்கு, யார்கிட்டயும் பேசவே பிடிக்கல. இந்த மாதிரி நேரத்துல என்ன பண்றீங்க?

பதில்: முதல்ல உடம்பை அமைதிப்படுத்துங்க. மூச்சை இழுக்கிறதை விட வெளிய விடுறது நீளமா, மெதுவா இருக்கணும், அப்பதான் வேகஸ் நரம்பு (மூளைல இருந்து இதயத்துக்குப் போய் உடம்பை அமைதிப்படுத்துற நரம்பு) வேலை செஞ்சு இதயத்துடிப்பு குறையும். முகத்தை ஜில்லுனு தண்ணில கழுவினாலும் படபடப்பு கொஞ்சம் இறங்கும்.

பதில்: அழுகை வந்தா அழுதுடுங்க. நான் போனை வேற ரூம்ல வச்சிட்டு மனசுல ஓடுறதையெல்லாம் பேப்பர்ல கிறுக்கிடுவேன், கையெழுத்தெல்லாம் பாக்க மாட்டேன். ராத்திரியோட ராத்திரியா ரிசைன் மெயில் மட்டும் அனுப்பிடாதீங்க ப்ளீஸ்.

பதில்: 2 வாரத்துக்கு மேல இப்படியே இருந்தா டாக்டரைப் பாருங்க. இப்ப பேசணும்னா இங்கயே எழுதுங்க, நான் முழிச்சிட்டுதான் இருக்கேன்.