பொருள்: சப்மெர்சிபிளுக்குத் தமிழ்ச்சொல், வெள்ளிக்குள் வேண்டும்

அன்பர்களே,

பள்ளிக் கண்காட்சிக்கு ‘மத்சயா 6000’ பற்றிப் பலகை எழுதுகிறேன். வெள்ளியன்று அச்சுக்குப் போகிறது. பள்ளிக்கரணையில் உள்ள தேசியக் கடல் தொழில்நுட்பக் கழகம் உருவாக்கும் கலம். மூன்று பேரை 6000 மீட்டர் ஆழத்துக்குக் கொண்டுபோகும். ‘நீர்மூழ்கிக் கப்பல்’ என்று எழுத மனம் வரவில்லை. அது துறைமுகத்திலிருந்து தானே கிளம்பி வாரக்கணக்கில் ஓடும். இதைத் தாய்க்கப்பல் சுமந்துபோய் இறக்கி, 12 மணி நேரத்துக்குள் திரும்ப ஏற்றிக்கொள்ள வேண்டும். 2023இல் டைட்டானிக் சிதைவைப் பார்க்க இறங்கிய ‘டைட்டன்’ என்ற இதே வகைக் கலம் நொறுங்கியபோதும் பல செய்திகளில் ‘நீர்மூழ்கிக் கப்பல்’ என்றே வந்தது.
– செ.

——

மூழ்குகலம். ஊறுகாய், சுடுசோறு போல வினைத்தொகை. முக்காலமும் அடங்கும். வேறென்ன வேண்டும்?
– ந.

——

> முக்காலமும் அடங்கும்

அதுதான் சிக்கல், ஐயா. இறந்தகாலத்தில் விரித்தால் ‘மூழ்கிய கலம்’. கேட்பவருக்கு விபத்துதான் நினைவு வரும். ‘ஆழ்கடல்’ என்ற சொல்லின் வழியில் ‘ஆழ்மூழ்கி’ எனலாம்.
– இரா.

——

ஆழ்மூழ்கியை எட்டாம் வகுப்புப் பிள்ளை வாயில் போட்டுப் பாருங்கள், இரண்டு ழகரம். சப்மெர்சிபிள் என்றே இருக்கட்டும். கிணறு, போர் உள்ள வீட்டிலெல்லாம் புழங்கும் சொல்தானே?
– வ.

——

புழங்குகிறது, மோட்டாருக்கு! பலகையைப் படிக்கும் பிள்ளை ஆறாயிரம் மீட்டரில் போர் போட்டார்கள் என்றே நினைக்கும்.
– ந.

——

எங்கள் தூத்துக்குடியில் முத்துக்குளித்தார்கள், இன்றும் சங்கு குளிக்கிறார்கள். குளித்தல் என்றால் உள்ளே இறங்குதல். பழஞ்செய்யுளில் அம்புகூட மார்பில் குளிக்கும். உடம்பு கழுவுவது பிறகு ஒட்டிய பொருள் என்பதே என் எண்ணம். குளிர், குளம் எல்லாம் இந்த வேரா என்று தனி மடலில் எழுதுகிறேன். முத்துக்குளிப்பவர் கல்லின் கனத்தில் கீழே போவார், கல்லை விட்டுவிட்டு மேலே வருவார். 1960இல் பசிபிக்கின் மரியானா அகழிக்கு இறங்கிய ‘திரியெஸ்ட்’ என்ற ஆழ்கடல் கலமும் இரும்புக் குண்டுகளை உதிர்த்துத்தான் மேலே வந்தது. செய்முறையே ஒன்று. ஆகவே ‘குளிகலம்’.
– மு.

——

அண்ணாச்சி, வேர் சரி. ஆனால் குளிகலம் என்றால் சென்னையில் குளியல் தொட்டி என்றுதான் புரிந்துகொள்வார்கள்.
– இரா.

——

சென்னைக்குப் புரியாது என்பதற்காகக் கடற்கரைச் சொல்லை ஒதுக்கினால் கடலுக்கு யாரிடம் சொல் கேட்பீர்கள்? பரதவர் வாயில் இருப்பதைவிடத் தூயது எது?
– மு.

——

அன்பர்களே, அச்சகத்தார் இரண்டு முறை கூப்பிட்டுவிட்டார். பெரும்பாலோர் ஏற்பதால் தலைப்பில் ‘ஆழ்மூழ்கி’. கீழே ஒரு வரி: தாய்க்கப்பலிலிருந்து இறங்கித் திரும்பும் சிறு கலம், 80 மில்லிமீட்டர் கனமுள்ள டைட்டானியக் கோளத்துக்குள் ஆட்கள் இருப்பார்கள், கோளத்துக்கு வெளியே 6000 மீட்டர் ஆழத்தில் நீரின் அழுத்தம் நம் காற்றழுத்தத்தைப் போல ஏறத்தாழ 600 மடங்கு. முத்துக்குளிப்பவரின் கல்லையும் ஓரத்தில் படமாக வரையச் சொல்லியிருக்கிறேன்.
– செ.

——

படத்துக்கு நன்றி. சொல்லை நான் ஏற்கவில்லை. அடுத்த பதிப்பிலாவது குளிகலம் என்று மாற்றுங்கள்.
– மு.