1938-இல் பிபிசி ஒளிபரப்பிய ‘வென் வி ஆர் மேரிட்’: பதிவு உண்டா?

கேள்வி (வாசுகி_நா)
ஜே. பி. பிரீஸ்ட்லியின் ‘வென் வி ஆர் மேரிட்’ நகைச்சுவை நாடகத்தை 1938 நவம்பர் 16 அன்று லண்டன் செயின்ட் மார்ட்டின்ஸ் தியேட்டரிலிருந்து பிபிசி முழுசாக நேரடி ஒளிபரப்பு செய்தது. ‘1938 பிபிசி நாடகம்’ என்ற பெயரில் ஒலியில்லாத துண்டு ஒன்று இணையத்தில் சுற்றுகிறது. அது இதுதானா? முழுப் பதிவு இருக்கிறதா? கட்டுரைக்கு எதை நம்பலாம்?

பதில் (மேடைநிழல்)
பதிவு கிடையாதுங்க. டிவியில் ஓடும் படத்தை ஃபிலிமில் பிடிக்கும் வசதி பிபிசிக்கு 1947-இல்தான் வந்தது. நீங்கள் பார்த்த துண்டு நான்கு நிமிடம் என்றால், அநேகமாக நியூயார்க் மாநிலத்து ரிவர்ஹெட்டில் ஆர்சிஏ என்ற அமெரிக்க வானொலி நிறுவனத்தின் பொறியாளர்கள் டிவி திரையைப் படமெடுத்ததுதான். சூரியப் புள்ளிகள் மிகுந்திருந்த காலம் அது. அதனால் பிபிசியின் 45 மெகாஹெர்ட்ஸ் டிவி அலை, வளிமண்டலத்தின் மேலடுக்கான அயனி மண்டலத்தில் பட்டுத் திரும்பி அட்லாண்டிக்கையே தாண்டிவிட்டது. பிபிசி டிவி அறிவிப்பாளர் ஜாஸ்மின் பிளை முகம் அதில் வருகிறதா பாருங்கள்.

பதில் (நான்காம்வரிசை)
ஒரு திருத்தம். பலரும் இதை டிவிக்காகச் செய்த தழுவல் என்று எழுதுகிறார்கள். மேடையில் நடப்பதை அப்படியே பிபிசியின் டிவி நிலையமான அலெக்சாண்ட்ரா பேலஸுக்கு அனுப்பி ஒளிபரப்பினார்கள், அவ்வளவுதான். அதற்குத் தோதான நாடகமும்கூட: மூன்று அங்கமும் ஆல்டர்மன் (மூத்த நகரமன்ற உறுப்பினர்) ஹெல்லிவெல் வீட்டுக் கூடத்திலேயே நடக்கும், செட் மாற்றமே இல்லை.

இடித்தது வேறு இடத்தில். 25 வருஷத்துக்கு முன் கல்யாணம் செய்துவைத்த பாதிரியாருக்கு அந்த அதிகாரமே இல்லை என்று மூன்று தம்பதிகளுக்கும் தெரியவரும் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். சிரிப்பு முழுவதும் அந்த ஆறு முகங்களில்தான். ஆனால் படம் 5-க்கு 4 விகிதம், வீட்டுத் திரை அகலம் சுமார் 10 அங்குலம். ஆறு பேரையும் சட்டத்துக்குள் அடைத்தால் ஒரு முகம் கட்டைவிரல் நக அளவுதான் தேறும். ஒருவரை நெருங்கினால் மற்ற ஐந்து முகங்களும் போச்சு.

அன்றைய எமிட்ரான் கேமராவில் இன்னொரு தொல்லை. கேமராக் குழாய்க்குள், படம் விழும் தட்டிலிருந்து தெறிக்கும் எலக்ட்ரான்கள் சீரில்லாமல் அதன்மீதே திரும்ப விழும்; படத்தின் ஒரு ஓரம் கறுத்துவிடும். ‘டில்ட்’, ‘பெண்ட்’ குமிழ்களை ஓயாமல் திருகி ஆபரேட்டர் அதைச் சமன்செய்வார். வெளிச்சம் மாறினால் மறுபடி முதலிலிருந்து.

பதில் (மேடைநிழல்)
கட்டுரைக்கு முதலில் நாடகப் புத்தகம். அடுத்து, பழைய நிகழ்ச்சிப் பட்டியல்களைத் தொகுத்துவைத்திருக்கும் பிபிசி ஜினோம் தளத்தில் 1938 நவம்பர் 16 பக்கம். ஆனால் அது முன்கூட்டியே அச்சான ரேடியோ டைம்ஸ் (பிபிசியின் நிகழ்ச்சி வார இதழ்) பட்டியல், கடைசி நேர மாற்றம் எதுவும் அதில் ஏறியிருக்காது. நடிகர் ஃபிராங்க் பெட்டிங்கெல் விபத்தில் அடிபட்டபோது பிரீஸ்ட்லியே சில நாள் புகைப்படக்காரர் ஆர்மன்ராய்டாக மேடையேறினார். அதை டிவி ஒளிபரப்போடு முடிச்சுப் போட்டுவிடாதீர்கள். லான்ஸ் கம்ஃபர்ட் இயக்கிய 1943 சினிமாவிலிருந்து ஸ்டில் எடுத்துப் போட்டால், படத்தின் கீழேயே வருஷத்தைக் குறிப்பிடுங்கள்.