டெயில்ஸ்டாக்கை மாட்டினால் கண்டுபிடிப்பா?

சட்டப்புள்ளி: "சின்ன மாற்றமானாலும் புதுசுதான், பேட்டன்ட் கொடுக்கணும்" என்று நேற்று இங்கே ஒருவர் எழுதியிருந்தார். எரிச்சலாக இருந்தது. 1978-இலேயே உச்ச நீதிமன்றம் இதை முடித்துவிட்டது. மிர்சாபூரில் பித்தளைப் பாத்திரம் கடையும் முறைக்கு 1951-இலிருந்து செல்லுபடியான காப்புரிமை அது. லேத்தில், அதாவது கடைசல் எந்திரத்தில், சுழலும் பாத்திரத்தின் மறுபக்கத்தை டெயில்ஸ்டாக்கால் (எதிர்முனையில் ஊன்றும் தாங்கி) தாங்கினார்கள், அவ்வளவுதான். வெறும் பட்டறைத் திருத்தம், தொழில் தெரிந்த யாரும் செய்யக்கூடிய மாற்றம் என்று ரத்தாகிவிட்டது.

கணபதி லேத்: எழுதியது நான்தான், பெயரைச் சொல்லியே திட்டலாம். அவ்வளவுதான் என்கிறீர்களே, ஒருநாளாவது லேத்தில் நின்றிருக்கிறீர்களா? ஒரு பக்கம் மட்டும் பிடித்த பாத்திரம் டூல் பட்டதும் எகிறும். என் இடது கட்டைவிரலில் ஏழு தையல். மறுபக்கம் டெயில்ஸ்டாக் முனையை ஊன்றினால் எகிறாது.

சட்டப்புள்ளி: தையல் வேறு, புதுமை வேறு. டெயில்ஸ்டாக் எந்த லேத்தில் இல்லை?

கணபதி லேத்: எல்லா லேத்திலும் இருக்கிறது. அப்புறம் ஏன் அதுவரை பாத்திரத்துக்கு யாரும் வைக்கவில்லை?

சட்ட மாணவி: கண்டுபிடிப்பு என்றால் என்னவென்று முதலில் பேசலாமா? இன்றைய சட்டத்தில் 2(1)(ஜேஏ) பிரிவு, தொழில்நுட்ப முன்னேற்றமோ பொருளாதார முக்கியத்துவமோ வேண்டும் என்கிறது. கூடவே, அந்தத் துறை தெரிந்தவருக்கு எளிதில் தோன்றாததாகவும் இருக்கவேண்டும்.

கணபதி லேத்: பிரிவெல்லாம் அப்புறம் பார்க்கலாம் தங்கச்சி. டெயில்ஸ்டாக்குக்குப் பதில் வரட்டும்.

ஓசூரான்: பஜாஜ் காப்புரிமை வாங்கிய ரெண்டு ஸ்பார்க் பிளக் பைக் எஞ்சினுக்கும் இதே கதைதானே? 2008-இல் டிவிஎஸ் ஃபிளேம் பைக்குக்கு எதிராக பஜாஜ் சென்னை உயர் நீதிமன்றத்தில் தடை வாங்கியது. மறு வருஷமே அங்கே இரு நீதிபதி அமர்வு அதை நீக்கிவிட்டது.

பல்சர் 150: ஓசூர்க்காரர் டிவிஎஸ்ஸுக்குத்தானே பேசுவார்! நீங்கியது இடைக்காலத் தடை மட்டும். காப்புரிமையே போனதுபோல் எழுதாதீர்கள்.

ஓசூரான்: பிறந்த ஊரை இழுக்கிற வேலை வேண்டாம். நான் ஓட்டுவது ஹோண்டா.

கணபதி லேத்: பைக் சண்டையை வெளியே வைத்துக்கொள்ளுங்கள். மிர்சாபூர் வழக்கில் காப்புரிமை செல்லும் என்று அலகாபாத் உயர் நீதிமன்ற அமர்வு சொன்னதே, அதைச் சட்டப்புள்ளி ஏன் மறைத்தார்? நான் தேங்காய் துருவும் மெஷினில் செய்த மாற்றத்தை ஒரு கம்பெனி அப்படியே எடுத்துக்கொண்டபோதும் இவர் இதே வார்த்தையைத்தான் சொன்னார், "பட்டறைத் திருத்தம்". இரண்டு வருஷமாகிறது, மறக்கவில்லை. பட்டறையில் பிறந்தால் மட்டம், ஏசி அறையில் பிறந்தால் கண்டுபிடிப்பா?

சட்டப்புள்ளி: நான் எதையும் மறைக்கவில்லை. மேல் கோர்ட் சொன்னதுதான் நிற்கும். அந்தத் துருவியில் நீங்கள் போட்டது சாதாரண ஸ்பிரிங், அதை அன்றே சொன்னேன்.

கணபதி லேத்: சாதாரண ஸ்பிரிங்கா? பதினோரு ஸ்பிரிங் போட்டுப் பார்த்து, பன்னிரண்டாவதில்தான் சரியாக வந்தது. அதை விடுங்கள். டெயில்ஸ்டாக் வைத்தபின் பாத்திரம் எகிறுவது நின்றதா, இல்லையா?

சட்டப்புள்ளி: நின்றது. டெயில்ஸ்டாக் புதுசா, பழசா?

கணபதி லேத்: நான் முதலில் கேட்டதற்கு இன்னும் பதில் வரவில்லை.