புதுப்பிப்பு: தறிக்கூட இரைச்சலின் சராசரி

எங்கள் விசைத்தறிக் கூடத்தில் 4 மணி நேரம் 98 டெசிபல், 3 மணி நேரம் 92, சாப்பாட்டு வேளை 1 மணி நேரம் 75. நேரத்தால் பெருக்கி எட்டால் வகுத்தால் 92.9, சரிதானே என்று போன வாரம் கேட்டிருந்தேன். தப்பு. டெசிபல் மடக்கை (log) அளவு, அதாவது 10 கூடினால் ஒலி ஆற்றல் பத்து மடங்கு; அப்படியே கூட்டக் கூடாது.

ஒவ்வோர் அளவையும் 10-ஆல் வகுத்து, 10-இன் அடுக்காக்கி, மணிக்கணக்கால் பெருக்கிக் கூட்டி, 8-ஆல் வகுத்து, கிடைப்பதன் மடக்கையை 10-ஆல் பெருக்க வேண்டும். வந்தது 95.7. கிட்டத்தட்ட 3 டெசிபல் கூடுதல் என்றால் ஒலி ஆற்றல் ஏறக்குறைய இரண்டு மடங்கு!

அமெரிக்காவின் தொழிலிடப் பாதுகாப்பு, நல ஆய்வு நிறுவனமான நையாஷின் (NIOSH) பரிந்துரை, 85 டெசிபல் இரைச்சலில் நாளுக்கு அதிகபட்சம் 8 மணி நேரம். ஒவ்வொரு 3 டெசிபல் ஏற்றத்துக்கும் நேரம் பாதி. அப்படிப் பார்த்தால் 95.7-இல் சுமார் 40 நிமிடம்தான். தறி ஓட்டும் அக்காக்கள் எல்லாருக்கும் நேற்றே காதடைப்பான் வாங்கிவிட்டேன்.